இருபத்தெட்டாம் நாள்

மும்பையின் டிராம்பேயில், சீட்டா கேம்ப்பில் ரேஷன் அட்டை, ஆதார், பிள்ளைகளின் பள்ளிச் சான்றிதழ் எல்லாம் ஒரே பிளாஸ்டிக் பையில் கிடக்கும். நான்காக மடித்த மாநகராட்சிக் கேஸ் பேப்பரும் அதற்குள் இருக்கும். மடிப்பு கிழிந்து, மழைக்கு மை பரவிப் போன அந்தத் தாளில் நாய்க்கடி ஊசியின் தேதிகள் ஒன்றன்கீழ் ஒன்றாக இருக்கும். முதல் நாளுக்குக் கையெழுத்து உண்டு, மூன்றாம் நாளுக்கு உண்டு, ஏழாம் நாளுக்குப் பெரும்பாலும் உண்டு. இருபத்தெட்டாம் நாளின் தேதிக்கு எதிரே பல தாள்களில் வெற்றிடம்தான். நாற்பது ஐம்பது வயதைத் தாண்டிய தமிழர் எவருக்கும் அந்தத் தாள் வேறொரு காலத்தை நினைவுக்குக் கொண்டுவரும். ‘தொப்புளைச் சுற்றிப் பதினாலு ஊசி’ என்பது அன்று பிள்ளைகளைத் தெருநாயிடமிருந்து விலக்கி வைக்க அம்மாக்கள் கையாண்ட மிரட்டல். ஊசியைப் பார்க்காத பிள்ளைக்கும் அந்த எண்ணிக்கை தெரிந்திருந்தது. இன்று ஊசி கையில் போடப்படுகிறது, வலி சொற்பம், எண்ணிக்கையும் குறைவு. ஆனாலும் கடைசி ஊசி விட்டுப்போகிறது. அது ஏன் விட்டுப்போகிறது என்பதைவிட, விட்டுப்போனது எந்தக் கணக்கிலும் ஏறுவதில்லை என்பதே எனக்குப் பெரிய கேள்வியாகப் படுகிறது.

இந்தக் கேள்வி டிராம்பேயில் எழுவதற்கு இடமே ஒரு காரணம். சீட்டா கேம்ப் தானாக வளர்ந்த குடியிருப்பு அல்ல. மான்குர்டில் இருந்த ஜனதா காலனியை அணுசக்தி நிலையத்துக்கு இடம் வேண்டுமென்று நெருக்கடி நிலைக் காலத்தில், 1976 மே மாதம், இடித்து, அங்கிருந்தவர்களை இந்தச் சதுப்பு நிலத்துக்கு மாற்றினார்கள். அந்த வெளியேற்றத்தை எதிர்த்து ஆண்டுக்கணக்கில் போராடியவர், கோலார் தங்கவயலிலிருந்து வந்த தமிழர் ஜோக்கின் அற்புதம். காலனியில் குப்பை அள்ள ஆள் வராத நாட்களில் அவர் பிள்ளைகளைத் திரட்டி, ஆளுக்குக் கொஞ்சம் குப்பையை எடுத்துப்போய் மாநகராட்சி அலுவலக வாசலில் கொட்டவைத்த கதை இன்றும் சொல்லப்படுகிறது. குப்பை அள்ளாத இடத்தில் நாய் பெருகும் என்பதை அங்கிருந்தவர்களுக்கு யாரும் விளக்கவேண்டியிருக்கவில்லை. பக்கத்திலேயே தேவ்னார்: 1927இல் தொடங்கிய ஊர்க் குப்பை மைதானம், 1971 முதல் இறைச்சிக்கூடம். உணவு இருக்கும் இடத்தில் நாய் இருக்கும். நாயும் எலியும் மனிதரும் ஒரே சந்தில் நடக்கிற இடத்தில் கடி என்பது விபத்தைவிடப் பருவகாலக் காய்ச்சலைப் போலத்தான் பார்க்கப்படும். கடித்த இடத்தில் மிளகாய்ப் பொடி, சுண்ணாம்பு, காப்பித்தூள் வைப்பது, மந்திரித்துக் கொள்வது, கறி மீன் தள்ளிப் பத்தியம் இருப்பது எல்லாம் ஊரிலிருந்து மூட்டை முடிச்சோடு வந்த வழக்கங்கள். இப்போது அவை பெரிதும் குறைந்துவிட்டன. கடித்தால் ஊசி என்பது சீட்டா கேம்ப் முழுவதற்கும் தெரியும். எத்தனை ஊசி, எந்தெந்த நாள் என்பதில்தான் தெளிவு இல்லை.

பழைய ஊசியைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்லவேண்டும். சர் டேவிட் செம்பிள் 1911இல் கசௌலியில் உருவாக்கிய தடுப்பு மருந்து அது. செம்மறி ஆட்டின் மூளையில் வளர்த்த கிருமியைக் கார்பாலிக் அமிலத்தால் செயலிழக்கச் செய்து எடுப்பார்கள். 1907இல் தொடங்கிய குன்னூர் பாஸ்டர் நிறுவனமும், பரேலில் உள்ள ஹாஃப்கின் நிறுவனமும் இந்த வகை மருந்தைத் தலைமுறைக் கணக்கில் தயாரித்தன. கடியின் தீவிரத்தைப் பொறுத்து ஏழு நாளிலிருந்து பதினான்கு நாள்வரை, ஒரு நாள் விடாமல், வயிற்றுத் தோலுக்கடியில் போடவேண்டும். அளவு அதிகம் என்பதால்தான் வயிறு. மூளைத் திசு கலந்திருந்ததால் சிலருக்குப் பக்கவாதம்கூட வந்தது. உலக சுகாதார நிறுவனம் கைவிடச் சொன்ன பிறகும் நெடுநாள் இழுத்துவிட்டு, 2004ஆம் ஆண்டின் இறுதியில்தான் இந்தியா அதன் உற்பத்தியை நிறுத்தியது. அந்த ஊசி போனதற்கு யாரும் வருந்தவேண்டியதில்லை. ஆனால் அதனிடம் ஒரு குணம் இருந்தது. தினமும் போகவேண்டியிருந்ததால் மறக்க முடியாது. தினமும் ஒருவர் வேலையை விட்டுப் பிள்ளையைக் கூட்டிப் போவதைச் சந்தே பார்க்கும். குழாயடியில் நிற்பவள் ‘இன்னிக்கு எத்தனாவது?’ என்று கேட்பாள். எட்டு முடிந்ததா ஒன்பதா என்று எதிர்வீட்டுக்காரருக்கும் தெரியும். பதிவேடு ஆஸ்பத்திரியில் மட்டும் இருக்கவில்லை.

அதற்குப் பின் வந்த செல் வளர்ப்புத் தடுப்பூசிகள் எல்லா விதத்திலும் மேலானவை. தசையில் போட்டால் 0, 3, 7, 14, 28 என ஐந்து நாள். தோலுக்குள் போடும் முறையை இந்தியா 2006இல் ஏற்ற பிறகு அரசு மருத்துவமனைகளில் 0, 3, 7, 28 என நான்கே வருகை. ஒவ்வொரு முறையும் இரு கைகளிலும் 0.1 மில்லிலிட்டர். தசை ஊசிக்கு ஆகும் மருந்தில் ஒரு சிறு பங்கில் ஒருவரைக் காப்பாற்ற முடிகிற ஏற்பாடு அது. தட்டுப்பாடு உள்ள நாட்டுக்கு நல்ல கண்டுபிடிப்பு. ஆனால் இடைவெளிகளைப் பாருங்கள்: மூன்று நாள், நான்கு நாள், பிறகு ஒரேயடியாக இருபத்தொரு நாள். அதற்குள் புண் ஆறித் தழும்பு காய்ந்திருக்கும். கடித்த நாய் அதே சந்தில் வாலாட்டிக்கொண்டு திரியும். ஊசி இலவசம்தான், ஆனால் வீட்டுவேலைக்கோ கட்டட வேலைக்கோ போகிறவருக்கு ஒரு வருகை என்பது அரை நாள் கூலி. அடுத்தது எத்தனாவது என்று கேட்க எந்த அண்டை வீட்டுக்காரரும் இருபத்தொரு நாள் நினைவு வைத்திருக்க மாட்டார். மருந்து முன்னேறியபோது, நினைவு வைத்துக்கொள்ளும் வேலை சந்திலிருந்து தாளுக்கு மாறிவிட்டது. அந்த வேலையைத் தாள் தனியாகச் செய்ய முடியாது, தாளைத் திரும்பப் படிக்க ஒருவர் வேண்டும் என்பதே என் வாதம்.

இது வெறும் ஊகம் இல்லை. சென்னை அயப்பாக்கத்தில் உள்ள தேசிய தொற்றுநோயியல் நிறுவனம் 2022, 2023ஆம் ஆண்டுகளில் 15 மாநிலங்களின் 60 மாவட்டங்களில் வீடு வீடாகக் கேட்டு எடுத்த ஆய்வு 2024இல் வெளிவந்தது. இந்தியாவில் ஆண்டுக்குச் சுமார் 91 லட்சம் விலங்குக்கடிகள், அவற்றில் நான்கில் மூன்று நாய்க்கடி. வெறிநோயால் இறப்பவர்கள் 5,726 பேர் என்று அது மதிப்பிட்டது. நாய் கடித்தவர்களில் ஐந்தில் ஒருவர் ஊசியே போட்டுக்கொள்ளவில்லை. குறைந்தது மூன்று ஊசி போட்டுக்கொண்டவர்கள் மூன்றில் இரண்டு பங்கினர். தொடங்கியவர்களிலும் பாதிக்குச் சற்றுக் குறைவானவர்கள் முடிக்கவில்லை. இதற்கு எதிரே அரசின் கணக்கை வையுங்கள். 2024இல் நாடு முழுவதும் 37 லட்சத்துச் சொச்சம் நாய்க்கடிகள், வெறிநோய் எனச் சந்தேகிக்கப்பட்ட இறப்புகள் 54 என்று நாடாளுமன்றத்தில் சொல்லப்பட்டது. 5,726 எங்கே, 54 எங்கே! ஆய்வு வீட்டில் போய்க் கேட்டது, அரசின் கணக்கு ஆஸ்பத்திரி அறிக்கையிலிருந்து வந்தது; அறிகுறி தோன்றியபின் பிழைக்க வழியில்லாத நோயில் பலர் வீட்டிலேயே இறக்கிறார்கள். பத்திரிகைகள் தலைப்பாக்கியது கடி, சாவு என்ற இரண்டு எண்களைத்தான். எத்தனை பேர் இரண்டாம் முறை வந்தார்கள், எத்தனை பேர் கடைசிவரை வந்தார்கள் என்பதே இந்த நோயைத் தடுக்கும் எண். அதைத் தேடிப் போகவேண்டியிருக்கிறது.

இந்த இடத்தில் ஒரு விநோதத்தைச் சொல்லாமல் விட முடியாது. டிராம்பேயிலிருந்து கழிமுகத்துக்கு அப்பால் நவி மும்பையின் ஐரோலி, மகாபே பக்கமும், சென்னை, கோவை, திருச்சியிலும் பட்டம் முடித்த ஆயிரக்கணக்கான இளைஞர்கள் இரவு பகலாக மெடிக்கல் கோடிங் செய்கிறார்கள். அமெரிக்க மருத்துவமனையின் ஒவ்வொரு வருகைக்கும் உரிய குறியீட்டைப் போடுவது வேலை. 2015 அக்டோபர் 1 முதல் அங்கே நடைமுறையில் உள்ள பட்டியலில் சுமார் 70 ஆயிரம் குறியீடுகள். நாய்க்கடிக்கு டபிள்யூ54.0, கோழி கொத்தினால் டபிள்யூ61.33. காயக் குறியீடுகளின் ஏழாவது இடத்தில் ஓர் எழுத்து வரும்: காயத்துக்கு முனைப்பான சிகிச்சை நடக்கும்போது ஏ, ஆறிவரும் காலத்தின் தொடர்கவனிப்புக்கு டி, காயம் விட்டுப்போன பின்விளைவுக்கு எஸ். இந்த எழுத்தை வைத்து அமெரிக்கர்களே நிறையச் சிரித்தார்கள். விமான எஞ்சினுக்குள் உறிஞ்சப்பட்டவர் தொடர்கவனிப்புக்கு வருவதற்கும் ஒரு குறியீடு உண்டு, அவர் எப்படித் திரும்பி வருவார் என்று கேட்டார்கள். சிரிப்பு நியாயமானது. ஆனால் கோயம்புத்தூரில் உட்கார்ந்திருக்கும் ஒரு பெண், ஒஹையோவில் நாய் கடித்த ஒருவர் மறுபடி புண்ணைக் காட்ட வந்ததை டி எழுத்தோடும், அவர் வெறிநோய்க்கு ஆளாகியிருக்கலாம் என்பதை இசட்20.3 என்ற எண்ணோடும், ஊசி போட்டதை இசட்23 என்ற எண்ணோடும் பிழையில்லாமல் பதிகிறாள். அமெரிக்காவில் வெறிநோயால் இறப்பவர்கள் ஆண்டுக்குப் பத்துப் பேரைத் தாண்டுவது அரிது. அவளுடைய சொந்த ஊரின் ஆரம்ப சுகாதார நிலையத்துக்கு மூன்றாம் ஊசிக்கு வருகிறவருக்கு அப்படி ஒரு எழுத்து இல்லை. இந்திய மருத்துவமனைகள் பின்பற்றும் உலகப் பட்டியலிலும் டபிள்யூ54 உண்டு, ஆனால் அதன் நான்காம் இலக்கம் சொல்வது கடி நேர்ந்த இடத்தை: வீடானால் 0, தெருவானால் 4. அதுவும் பெரும்பாலும் படுக்கையில் சேர்ந்தவருக்கே எழுதப்படும். நாய்க்கடிக்காரர் படுக்கையில் சேர்வதில்லை. ஓபிடியில் நின்று ஊசி போட்டுக்கொண்டு போய்விடுகிறார்.

உடனே ஒரு மறுப்பு வரும். அந்த எழுத்துகள் நோயாளியின் நலனுக்காகப் பிறந்தவை அல்ல, காப்பீட்டுக்காரன் பணம் தருவதற்காகப் பிறந்தவை; இலவச ஊசி போடும் மாநகராட்சிக்கு அது எதற்கு? பாதி உண்மை. டி எழுத்தாலும் எத்தனாவது ஊசி என்று சொல்ல முடியாது என்பதையும் சேர்த்துக்கொள்ளலாம். அமெரிக்கப் பட்டியலை அப்படியே இங்கே இறக்கவேண்டும் என்று நான் கேட்கவில்லை, 70 ஆயிரம் குறியீடுகளைத் தேட நம் ஓபிடியில் யாருக்கும் நேரமும் இல்லை. கேட்பது ஒரே ஒரு விஷயம்: ஒரு கடியை நான்கு வருகை கொண்ட ஒரே கதையாக எண்ணவேண்டும். ஊசி அறையில் நெரிசல், எழுத ஆளில்லை என்பது அடுத்த மறுப்பு. ஆனால் ஊசி போடும் சிஸ்டர் தன் பதிவேட்டில் ஆளுக்கு ஒரு வரி, நாளுக்கு ஒரு கட்டம் என்று ஏற்கெனவே எழுதிக்கொண்டுதான் இருக்கிறார். புதிதாக எழுத ஒன்றுமில்லை. காலியாக இருக்கும் கட்டத்தை மாதக் கடைசியில் யாராவது எண்ணி, அந்த எண்ணைக் கொண்டு யாரையாவது தேடிப் போகவேண்டும், அவ்வளவுதான். அது முடியாத காரியம் என்று டிராம்பேயில் சொல்வது கடினம். இந்தப் பகுதி அடங்கிய எம் கிழக்கு வார்டில் காசநோய்க்கு அதைத்தான் செய்கிறார்கள். 1997இல் தொடங்கிய திருத்திய தேசியத் திட்டம் முதற்கொண்டு காசநோயாளி ஒவ்வொருவருக்கும் முடிவு ஒன்று எழுதப்படுகிறது: குணமானார், சிகிச்சை முடித்தார், இடையில் விட்டார், இறந்தார். மாத்திரை வாங்க வராதவரின் வீட்டுக் கதவை ஆள் போய்த் தட்டுகிறார். ஆறு மாதச் சிகிச்சையைப் பின்தொடர முடிகிற நாட்டுக்கு நான்கு வாரம் பெரிதில்லை. கோவிட் தடுப்பூசியின் இரண்டாம் தவணைக்குக் கோடிக்கணக்கான செல்பேசிகளுக்கு நினைவூட்டல் போனதையும் எல்லோரும் பார்த்தோம்.

இதைவிடக் கனமான மறுப்பு மருத்துவர்களிடமிருந்து வருவது. முடிக்காதவர் எல்லோரும் ஆபத்தில் இல்லை என்பார்கள். கடித்த நாய் பத்து நாள் கழித்தும் ஆரோக்கியமாக உயிரோடிருந்தால், கடித்த நேரத்தில் அதன் எச்சிலில் கிருமி இருந்திருக்க வாய்ப்பில்லை. மீதி ஊசியை நிறுத்தலாம். தோலுக்குள் போடுவதில் 0, 3, 7 என்ற ஒரே வாரத்துக்குள் முடித்துவிடலாம் என்று 2018இல் உலக சுகாதார நிறுவனமே சொல்லிவிட்டது. அப்படியானால் இருபத்தெட்டாம் நாள் வெற்றிடத்தைப் பார்த்து ஏன் பதறவேண்டும்? நல்ல கேள்வி. மூன்று ஊசியோடு நிற்பவரைப் பற்றி அளவுக்கு மீறி அச்சமூட்டக் கூடாது என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இந்த மறுப்பு என் பக்கம்தான் சாய்கிறது. நாய் உயிரோடிருப்பதைப் பார்த்து நிறுத்தியவரும், கூலி போய்விடும் என்று நிறுத்தியவரும், மருந்து இல்லை நாளை வா என்று திருப்பி அனுப்பப்பட்டு வராமலே போனவரும் பதிவேட்டில் ஒரே வெற்றுக் கட்டமாகத் தெரிகிறார்கள். முதலாமவரை விட்டுவிடலாம். மற்ற இருவருக்கும் செய்யவேண்டியவை வேறு வேறு. ரத்தம் வரக் கடித்த மூன்றாம் வகைக் கடிக்குப் புண்ணுக்குள்ளேயே செலுத்தவேண்டிய சீரம் இருக்கிறதே, அதன் கணக்கு இன்னும் கறாரானது: முதல் ஊசி போட்டு ஏழு நாளுக்குள் போடாவிட்டால் பிறகு பயனில்லை. சின்ன டிஸ்பென்சரியில் முதல் ஊசி போட்டு, சீரத்துக்குப் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போகச் சொன்னவர் அங்கே போனாரா இல்லையா என்பது முதல் இடத்துக்குத் தெரியவருவதில்லை. பதறவேண்டிய வெற்றிடம் ஒன்று இருந்தால் அது இதுதான்.

மும்பைத் தமிழர்களுக்கு இதில் தனிச் சிக்கல் ஒன்று உண்டு. மே மாதம் பிள்ளைகளின் விடுமுறைக்கு ஊருக்குப் போவது சீட்டா கேம்ப்பில் இன்னும் மாறாத வழக்கம். ரயில் டிக்கெட்டு மாதக்கணக்கில் முன்பே எடுத்திருக்கும். நாய் அதைப் பார்த்துக் கடிப்பதில்லை. மும்பையில் இரண்டு ஊசி போட்டுத் திருநெல்வேலிப் பக்கம் போய் இறங்கினால் மூன்றாவதற்கு அங்கே ஆரம்ப சுகாதார நிலையம் இருக்கிறது, ஊசியும் இலவசம்தான். ஆனால் கையில் இருப்பது மராத்தியும் ஆங்கிலமும் கலந்த ஒரு தாள். இங்கே தோலுக்குள் தொடங்கியது அங்கே தசைக்குள் தொடரலாமா என்று சந்தேகம் வரும். தொடரலாம், முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டியதில்லை என்பதே உலக சுகாதார நிறுவனத்தின் பதில். ஆனால் தாள் தொலைந்திருந்தால், முன்பு என்ன போட்டார்கள் என்று சொல்ல ஆளில்லை. முடித்தாலும் தொல்லை: மும்பைப் பதிவேட்டில் அவர் பாதியில் விட்டவர், ஊர்ப் பதிவேட்டில் நடுவில் முளைத்தவர். ஊரும் மாநிலமும் மாறினாலும் மாறாத ஒரு குறியீடு இருந்தால்தான் இரண்டு பாதியும் சேரும். அந்தரங்கம் போய்விடும் என்று இதற்கு ஒரு கவலை சொல்லப்படுகிறது. பொதுவாக அந்தக் கவலையை மதிக்கிறவன் நான். ஆனால் நாய் கடித்ததை மறைக்கவேண்டிய நிலை அநேகமாக யாருக்கும் இல்லை. பெயரும் முகவரியும் இல்லாமல் ஓர் எண்ணும் ஊசித் தேதிகளும் மட்டும் போதும்.

கடைசியாக, இதெல்லாம் வாலைப் பிடிக்கிற வேலை, நாய்க்கு ஊசி போட்டால் மனிதனுக்கு ஊசியே வேண்டாமே என்பார்கள். தெருநாய்களை என்ன செய்வது என்ற சண்டை இந்த நகரத்துக்குப் புதிதல்ல. 1832இல் நாய்களைக் கொல்லக் கிளம்பிய பிரிட்டிஷ் உத்தரவை எதிர்த்துப் பார்சிகள் பம்பாயில் கலவரமே செய்தார்கள். 2025இல் உச்ச நீதிமன்றத்தின் தில்லி உத்தரவுகளையொட்டி நாடு முழுவதும் அதே சண்டை வேறு குரலில் நடந்தது. நாய்களில் 70 விழுக்காட்டுக்குத் தொடர்ந்து தடுப்பூசி போட்டால் நோய் ஓயும் என்பது உலகம் முழுதும் நிரூபணமான வழி, அதில் கருத்து வேறுபாடில்லை. அதற்குப் பக்கத்திலேயே உதாரணமும் இருக்கிறது. கோவா ஆண்டுதோறும் நாய்களைத் தேடிப் பிடித்து ஊசி போட்டு, 2021இல் வெறிநோய் கட்டுப்பட்ட பகுதியாக அறிவிக்கப்பட்டது. அங்கே அது எப்படி நடந்தது என்று பார்த்தால் என் கேள்விதான் திரும்பி வருகிறது. ஊசிக் குழுக்கள் ஒவ்வொரு நாயையும் செல்பேசிச் செயலியில், இடத்தோடு சேர்த்துப் பதிந்தன. எந்தத் தெருவில் எத்தனை நாய் விட்டுப்போனது என்று மாலையில் வரைபடத்தில் பார்த்து, விட்டுப்போன இடத்துக்கு மறுநாள் போனார்கள். எந்த நாய்க்கு ஊசி போட்டாயிற்று என்பதற்குக் கணக்கு வைக்க முடிந்தது. நாய் கடித்த மனிதருக்கு அதே கணக்கு முடியாது என்று சொல்ல ஒரு காரணமும் எனக்குத் தோன்றவில்லை.

இன்னொரு பயனும் இருக்கிறது, அது உடனே தெரியாது. முழுத் தவணையும் போட்டு முடித்ததற்குச் சான்று உள்ளவரை நாய் மறுபடி கடித்தால் 0, 3 என்று இரண்டே ஊசி போதும். விலை உயர்ந்த, அடிக்கடி தட்டுப்பாடு வரும் சீரம் தேவையே இல்லை. சான்று இல்லாதவருக்கு எல்லாம் முதலிலிருந்து. ஒரே சந்தில் வளரும் பிள்ளைக்கு ஐந்து வயதிலும் கடி, பன்னிரண்டு வயதிலும் கடி என்பது டிராம்பேயில் அதிசயம் இல்லை. ஏழு மழைக்காலம் தாண்டி அந்தத் தாள் பிளாஸ்டிக் பைக்குள் படிக்கும்படி இருக்குமா என்பதை நம்பித்தான் இன்று இந்தக் கணக்கு நடக்கிறது. ஆஸ்பத்திரிப் பதிவேட்டின் அந்த வருஷத்துப் புத்தகம் எந்த அலமாரியில் இருக்கிறது என்று தேடுவதற்குள் இரண்டாம் கடியின் முதல் ஊசிக்கு நேரமாகிவிடும். எனவே மருத்துவர் செய்யக்கூடிய பத்திரமான காரியம் ஒன்றுதான், அந்தப் பிள்ளைக்குப் புதிதாக நான்கு வருகை எழுதிக் கொடுப்பது.